சாட்சி ஒன்று சொல்ல, சீட்டு ஒன்று சொல்ல

சட்டம் கேளுங்கள்: வாசகர் கடிதங்களுக்கு, பாளையங்கோட்டையில் குற்றவியல் வழக்குகள் நடத்தும் வழக்கறிஞரின் பதில்கள்

கேள்வி: என் தம்பிக்கு உதவி அமர்வு நீதிமன்றத்தில் சமீபத்தில் ஏழு வருஷம் தண்டனை ஆகிவிட்டது. கொலை முயற்சி, இந்திய தண்டனைச் சட்டம் 307-ஆம் பிரிவு. 2019-இல் ஊர்க் கோயில் கொடை அன்று இரவு, வரப்புத் தகராறில் பக்கத்து வயல்காரரை அரிவாளால் வெட்டினான் என்று வழக்கு. அவருக்கு இடது முன்கையில் எலும்பு முறிவு, தோளில் ஒரு வெட்டு. ஆனால் ஆஸ்பத்திரிச் சீட்டில் ‘தெரியாத இரண்டு நபர்கள் வெட்டியதாக’ என்று இருக்கிறது. நேரில் பார்த்ததாகச் சொன்ன மூன்று பேரில் இரண்டு பேர் கோர்ட்டில் மாற்றிச் சொல்லிப் பிறழ்சாட்சி ஆகிவிட்டார்கள். மூன்றாவது ஆள் வெட்டுப்பட்டவரின் மச்சினன். அரிவாளை மூன்று நாள் கழித்து ஓடைக்கரை முள்ளுக்குள் எடுத்தார்களாம்; அதில் ரத்த வகை தெரியவில்லை என்று ரிப்போர்ட். அன்று கரண்டும் இல்லை. இவ்வளவு சந்தேகம் இருந்தும் எப்படித் தண்டித்தார்கள்? பதினான்கு முரண்பாடுகளை நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன். அப்பீலில் விடுதலை ஆகுமா?
(பெயர் வேண்டாம், தென்காசி மாவட்டம்)

பதில்: சகோதரி, நோட்டை அப்புறம் பார்ப்போம், முதலில் காலண்டரைப் பாருங்கள். உதவி அமர்வு நீதிமன்றம் கொடுத்த ஏழு வருஷத் தண்டனைக்கு அப்பீல் போக வேண்டிய இடம் மாவட்ட அமர்வு நீதிமன்றம். கெடு 30 நாள். ஏழு வருஷத்தைத் தாண்டியிருந்தால் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, 60 நாள். தீர்ப்பின் நகல் வாங்க ஆன நாட்களைக் கழித்துக்கொள்ளலாம். கெடு தாண்டியிருந்தால் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி மனுப் போட வேண்டும். தம்பி உள்ளே இருப்பதால் தண்டனையை நிறுத்திவைக்கக் கேட்கும் மனுவையும் அப்பீலோடு சேர்த்தே போடச் சொல்லுங்கள். வக்கீல் ஃபீசுக்கு வழியில்லை என்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். காவலில் இருப்பவருக்கு அங்கே வருமான வரம்பு கிடையாது.

இனி நோட்டு. பதினான்கு முரண்பாடு என்கிறீர்கள். எத்தனை என்று எந்த அப்பீல் கோர்ட்டும் எண்ணிப் பார்க்காது. ஒவ்வொன்றும் எதைத் தொடுகிறது என்றுதான் பார்க்கும். வெட்டுப்பட்டவர் அங்கே இருந்தாரா, வெட்டியது உங்கள் தம்பிதானா, கொல்லும் எண்ணத்தில்தான் வெட்டினானா: இந்த மூன்றில் ஒன்றைக்கூடத் தொடாத முரண்பாடு வக்கீலின் வாதக் குறிப்பைத் தடிமனாக்கும், அவ்வளவுதான். ‘கிழக்கே பார்த்து நின்றேன்’ என்று போலீசிடமும், ‘வடக்கே பார்த்து நின்றேன்’ என்று கோர்ட்டிலும் ஒருவர் சொல்லியிருப்பார். சம்பவம் நடந்து வருஷக்கணக்கில் கழித்துக் கூண்டில் ஏறுகிறவர் அச்சுப் பிசகாமல் ஒப்பித்தால்தான் எனக்குச் சந்தேகம் வரும். நீங்கள் கடிதத்தில் சொன்னதை வைத்துப் பார்த்தால் உங்கள் நோட்டில் கனமான விஷயங்கள் இரண்டுதான். ஒன்று ஆஸ்பத்திரிச் சீட்டு. இன்னொன்று இருட்டு.

சீட்டு என்று நீங்கள் சொல்வது விபத்துப் பதிவேட்டின் நகல். வெட்டு, குத்து, அடிதடி என்று யார் வந்தாலும் அரசு ஆஸ்பத்திரி டூட்டி டாக்டர் அந்தப் பதிவேட்டில் எழுதிவிட்டுத்தான் தையல் போடுவார். எத்தனை மணிக்கு வந்தார், யார் கூட்டி வந்தார்கள், சுயநினைவோடு இருந்தாரா, என்ன நடந்ததாகச் சொன்னார், காயம் எங்கே, நீளம் அகலம் எவ்வளவு, எல்லாம் அந்த ஒரு தாளில் இருக்கும். பல வழக்குகளில் போலீஸ் பேனா தொடுவதற்கு முன்னால் எழுதப்படுவது இந்தக் காகிதம்தான். வழக்குக் கட்டு என் கைக்கு வந்ததும் நான் முதலில் தேடுவதும் இதையே. தீர்ப்பைக்கூட அப்புறம்தான் படிப்பேன்.

ஆனால் உங்கள் தம்பிக்கு இந்தச் சீட்டு உதவுமா என்பது ‘தெரியாத இரண்டு நபர்கள்’ என்ற வரியில் இல்லை. அதற்கு மேலே இருக்கும் இரண்டு வரிகளில் இருக்கிறது. கூட்டி வந்தவர் பெயர் என்ன? காயம்பட்டவர் நினைவோடு இருந்தாரா? அவர் மயக்கத்தில் இருந்து, கூட வந்த யாரோ ‘தெரியாத ஆளுக’ என்று சொல்லியிருந்தால், அது அந்த யாரோவின் பேச்சு. அதை வைத்துக் காயம்பட்டவரை மடக்க முடியாது. அவரே தெளிவான நினைவோடு சொல்லியிருந்தால் கதை வேறு. பக்கத்து வயல்காரன், வருஷக்கணக்காக முகம் பார்த்துப் பழகியவன், அவனை எப்படி ‘தெரியாத நபர்’ என்பார்? அதிலும் டாக்டரிடம் இரண்டு பேர் என்றது, கோர்ட்டில் ஒரே ஆளாக எப்படிக் குறைந்தது?

அரசுத் தரப்பில் இதற்கு ஒரு பதில் தயாராக இருக்கும். டாக்டரின் வேலை வைத்தியம், வெட்டியது யார் என்று துப்புத் துலக்குவது அல்ல. ஆகவே சீட்டில் பெயர் இல்லாததைப் பெரிதுபடுத்தக் கூடாது என்பார்கள். பெயரே எழுதாமல் விட்டிருந்தால் அது சரியான வாதம், நீதிமன்றங்கள் பல தடவை ஏற்றுக்கொண்ட வாதமும்கூட. ஆனால் பெயரை விடுவது வேறு, ‘தெரியாதவர்’ என்று எழுதுவது வேறு.

ஆக, உங்கள் வக்கீல் சாட்சிய நகலில் இரண்டு இடங்களைத் தேட வேண்டும். அ.சா.1 ஆக, அதாவது அரசுத் தரப்பின் முதல் சாட்சியாக, கூண்டில் ஏறிய காயம்பட்டவரிடம், ‘டாக்டரிடம் இப்படிச் சொன்னீர்களா?’ என்று குறுக்கு விசாரணையில் கேட்டிருக்கிறார்களா? அதேபோல், ‘இது அவரே சொன்னதுதான்’ என்று டாக்டரிடம் பதில் வாங்கியிருக்கிறார்களா? முன்பு சொன்னதை வைத்து ஒரு சாட்சியை முரண்படுத்த வேண்டுமானால், அந்த வரியை அவர் முன்னால் வைத்துக் கேட்டிருக்க வேண்டும். கேட்காமல் விட்டிருந்தால் அப்பீலில் அந்தச் சீட்டின் பலம் பாதி போய்விடும். விசாரணையில் போலீசிடம் கொடுத்த 161-ஆம் பிரிவு வாக்குமூலத்துக்கும் இதே விதிதான், டாக்டர் இடத்தில் விசாரணை அதிகாரி. சாட்சி ‘அப்படிச் சொல்லவில்லை’ என்று மறுத்தால், ‘சொன்னார்’ என்று விசாரணை அதிகாரியிடம் பதில் வாங்க வேண்டும். 1959-இல் தஹசில்தார் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் விரிவாகச் சொன்ன முறை இது. கீழ்க் கோர்ட்டில் முதல் கேள்வியைக் கேட்டுவிட்டு, மாதக்கணக்கில் கழித்து இன்ஸ்பெக்டர் கூண்டில் ஏறும்போது இரண்டாவது கேள்வியை மறந்துபோகும் வக்கீல்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். உங்கள் பதினான்கில் எத்தனை இந்த ஓட்டையில் விழுந்து காணாமல் போகப்போகிறது என்று பாருங்கள்.

இன்னொன்று. தென்காசிப் பக்கம் வெட்டுக் கேஸ் என்றால் உள்ளூரில் முதலுதவி செய்துவிட்டு, பாளையங்கோட்டை ஹைகிரவுண்டு ஆஸ்பத்திரிக்கு அனுப்புவது வழக்கம். அப்படியானால் பதிவேடு இரண்டு இருக்கும். உங்களிடம் இருப்பது எந்த ஆஸ்பத்திரியுடையது? முதல் ஆஸ்பத்திரியில் ‘தெரிந்த நபர்’ என்றிருந்து இரண்டாவதில் ‘தெரியாத நபர்’ என்றிருந்தால், சீட்டை வைத்துக் கட்டிய வாதம் சாய்ந்துவிடும். நீங்கள் எடுத்து நீட்டுவதற்குள் அரசு வக்கீல் நீட்டிவிடுவார்.

அப்புறம் அந்தத் தாளில் உள்ள மணியை முதல் தகவல் அறிக்கையின் மணியோடு பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஆஸ்பத்திரியில் இரவு பத்துக்கு ‘தெரியாதவர்’, போலீஸ் வந்து வாக்குமூலம் வாங்கிய நள்ளிரவு ஒரு மணிக்கு உங்கள் தம்பி பெயர் என்றால், நடுவில் கட்டிலைச் சுற்றி யார் இருந்தார்கள் என்று கேட்க இடம் பிறக்கிறது. முதல் தகவல் அறிக்கை மாஜிஸ்திரேட் கையில் எப்போது கிடைத்தது என்பதும் அதன் மேலேயே அவர் கையெழுத்தோடு இருக்கும். 1972-இல் துலியா காளி வழக்கு, நம்ம தமிழ்நாட்டுக் கொலை வழக்குதான். காவல் நிலையம் இரண்டு மைல் தூரத்தில் இருக்க, புகார் போக 20 மணி நேரத்துக்கு மேல் ஆகியிருந்தது. தாமதத்தில் யோசனையும் ஜோடனையும் நுழைந்துவிடும் என்று சொல்லி உச்ச நீதிமன்றம் விடுவித்தது. அதற்காகத் தாமதம் என்றாலே விடுதலை என்று நினைத்துவிடாதீர்கள். ரத்தம் ஒழுகுகிறவரை முதலில் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம் என்ற ஒரு வரி விளக்கம் போதும், கோர்ட் ஏற்றுக்கொள்ளும்.

அடுத்தது இருட்டு. கரண்ட் இல்லை என்கிறீர்கள். யார் சொன்னது? கோயில் கொடை இரவில் ஜெனரேட்டர், சீரியல் பல்பு, வில்லுப்பாட்டு மேடைக்கு டியூப் லைட் என்று ஊரே பகலாக இருக்குமே என்று நீதிபதி கேட்பார். சம்பவ இடம் கோயிலிலிருந்து எவ்வளவு தூரம்? சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீஸ் எழுதும் பார்வை மகஜரிலும் மாதிரி வரைபடத்திலும் தெருவிளக்கு குறிக்கப்பட்டிருக்கிறதா? அன்று மின்தடை இல்லை என்று சொல்ல மின்வாரிய ஊழியரைச் சாட்சியாகப் போட்டார்களா? வரைபடத்தில் விளக்கே இல்லாமல், வெட்டுப்பட்டவரும் மச்சினனும் ‘விளக்கு வெளிச்சத்தில் பார்த்தோம்’ என்றால் அது பேச வேண்டிய பாயிண்டு. ஆனால் ஒன்று, அரிவாள் வீசும் தூரம் ஒரு கை நீளம். நன்றாகத் தெரிந்த ஆளைக் குரலிலும் நடையிலும்கூட அடையாளம் காணலாம் என்று நீதிமன்றங்கள் ஏற்கின்றன. மச்சினன் தூரத்தில் நின்று பார்த்ததாகச் சொன்னால்தான் இருட்டு அவரை அடிக்கும். வெட்டுப்பட்டவரை அவ்வளவாக அடிக்காது.

மற்றதையெல்லாம் வேகமாகப் பார்த்துவிடலாம். மச்சினன் சொந்தக்காரர் என்பதாலேயே அவர் சாட்சி பொய்யாகிவிடாது. வெட்டியவனைத் தப்பவிட்டு வேறொருவனை மாட்டிவிட நெருங்கிய சொந்தம் சாதாரணமாக விரும்பாது என்று 1953-லேயே தலீப் சிங் வழக்கில் சொல்லிவிட்டார்கள். பகை இருந்தால் மட்டும் கொஞ்சம் கூர்ந்து பார்க்கச் சொன்னார்கள். வரப்புத் தகராறு வெட்டுவதற்கும் காரணமாகலாம், வேண்டாதவனை வழக்கில் சேர்ப்பதற்கும் காரணமாகலாம். பிறழ்சாட்சிகள் இரண்டு பேர் சொன்னதும் அப்படியே குப்பைக்குப் போவதில்லை. ‘சம்பவ இடத்தில் இருந்தேன், சத்தம் கேட்டது, ஆளைப் பார்க்கவில்லை’ என்று ஒருவர் சொல்லியிருந்தால், சம்பவம் நடந்தது என்ற அளவுக்கு அது அரசுத் தரப்புக்கே உதவும். ஒன்றில் பொய் சொன்னவன் எல்லாவற்றிலும் பொய்யன் என்ற விதி நம் நாட்டில் இல்லை என்று 1957-இல் நிசார் அலி வழக்கு சொல்கிறது. களத்தில் தூற்றுகிற மாதிரி பதரை விட்டுவிட்டு நெல்லை அள்ளுவதுதான் நீதிபதியின் வேலை. நெல்லும் பதரும் பிரிக்கவே முடியாமல் ஒட்டிக் கிடந்தால் மட்டும்தான் மொத்தத்தையும் தள்ள முடியும்.

அரிவாளுக்கு வருவோம். உங்கள் தம்பி போலீசிடம் கொடுத்ததாக, கிராம நிர்வாக அலுவலரும் அவர் உதவியாளரும் கையெழுத்துப் போட்ட ஒப்புதல் வாக்குமூலம் ஒன்று கட்டில் இருக்கும். அதில் ‘நான்தான் வெட்டினேன்’ என்று என்ன எழுதியிருந்தாலும் அது சாட்சியம் ஆகாது. ‘இன்ன இடத்தில் மறைத்து வைத்திருக்கிறேன்’ என்ற பகுதி மட்டும், அதன்படி பொருள் கிடைத்தால், ஏற்கத்தக்கது. 1946 டிசம்பரில், அன்றைக்கு நமக்குக் கடைசி அப்பீல் கோர்ட்டாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் புலுகுரி கோட்டையா வழக்கில் போட்ட கோடு இன்றுவரை அழியவில்லை. ஓடைக்கரை எல்லோரும் போய்வரும் இடம் என்று வாதாடலாம். ஆனால் யார் கண்ணிலும் படாதபடி முள்ளுக்குள் செருகியிருந்தால் பொது இடம் என்பது மட்டும் போதாது என்று 1999-இல் ஜீத் சிங் வழக்கில் சொல்லியிருக்கிறார்கள். ரத்த வகை தெரியவில்லை என்றால் அரிவாளை வெட்டோடு முடிச்சுப் போட ஒரு கயிறு குறைகிறது. காயம்பட்டவரே உயிரோடு வந்து சாட்சி சொல்லும் வழக்கில் அந்த ஒரு கயிற்றை நம்பி அரசுத் தரப்பு இருப்பதில்லை.

ஆம், காயம்பட்டவர். கீழ்க் கோர்ட் ஏன் தண்டித்தது என்று கேட்டீர்களே, அதற்குப் பதில் இங்கேதான். உடம்பில் வெட்டுத் தழும்போடு கூண்டில் நிற்கிறவரைப் பார்த்து ‘நீ அங்கே இல்லை’ என்று யாரும் சொல்ல முடியாது. அவர் சாட்சியத்துக்குச் சட்டம் தனி மதிப்பு வைத்திருக்கிறது. உறுதியான காரணம் இல்லாமல் தள்ளக் கூடாது என்று 2010-இல் அப்துல் சயீத் வழக்கு வரை உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லிவருகிறது. அங்கே இருந்தார் என்பதற்குத் தழும்பே சாட்சி. யார் வெட்டினார் என்பதற்குத் தழும்பு சாட்சி ஆகாது. உங்கள் அப்பீலை நான் நடத்தினால் இந்த இடைவெளியில் சீட்டை வைத்துத்தான் வாதத்தைத் தொடங்குவேன். பதினான்கையும் வரிசையாக அடுக்கினால் நீதிபதி ஐந்தாவதிலேயே பேனாவை மூடிவிடுவார்.

விடுதலையையே பார்த்துக்கொண்டிருந்தால் தவறிப்போகும் ஒரு விஷயம் இருக்கிறது. வெட்டியது தம்பிதான் என்று கோர்ட் முடிவுக்கு வந்தாலும், 307 நிற்குமா என்பது தனிக் கேள்வி. கொல்லும் எண்ணம், அல்லது செத்துப்போவார் என்று தெரிந்தே செய்தது நிரூபணம் ஆக வேண்டும். காயம் உயிரைக் குடிக்கும் அளவு இருக்க வேண்டும் என்பதில்லை. 1983-இல் பல்ராம் பாமா பாட்டீல் வழக்கில் இது தெளிவாகிவிட்டது. ஆயுதம், குறிவைத்த இடம், வெட்டின் வேகம், தடுக்க ஆள் வராமலே நிறுத்தினானா என்பதையெல்லாம் பார்ப்பார்கள். முன்கை வெட்டு என்பதைச் சாதகம் என்று எண்ணிவிடாதீர்கள். தலைக்கு வந்ததைக் கையால் தடுத்தால் முன்கை எலும்புதான் போகும். டாக்டர் சாட்சியத்தில் ‘தடுக்கும்போது ஏற்பட்டிருக்கலாம்’ என்ற வரி இருக்கிறதா என்று பாருங்கள். ‘செத்துத் தொலைடா’ என்று கத்திக்கொண்டே வெட்டினான் என்பது மட்டுமே எண்ணத்துக்கு ஆதாரம் என்றால் உங்களுக்கு வாய்ப்பு உண்டு. நான் பார்த்த வெட்டுக் கேஸ் முதல் தகவல் அறிக்கைகளில் பாதியில் இந்த வசனம், கிட்டத்தட்ட எழுத்து மாறாமல், இருக்கிறது. எங்கள் ஊரில் ஆத்திரக்காரர்கள் எல்லோரும் ஒரே வாத்தியாரிடம் வசனம் படித்தார்கள் போலிருக்கிறது.

எண்ணம் நிரூபிக்கப்படவில்லை என்றால் எலும்பு முறிவுக்காக 326-க்கு, அதாவது ஆயுதத்தால் கொடுங்காயம் ஏற்படுத்திய குற்றத்துக்கு, இறங்கும். அதிலும் உச்சபட்சத் தண்டனை ஆயுள்தான், ஏமாந்துவிடாதீர்கள். ஆனால் நடைமுறையில் ஏழு வருஷம் குறைய நல்ல வழி அது. தம்பி தரப்பு மட்டும் போடும் அப்பீலில் தண்டனையை ஏற்ற முடியாது, அந்தப் பயம் வேண்டாம். சாட்சியத்தை அப்பீல் கோர்ட் தானே முழுக்கப் படித்துச் சொந்தமாக எடைபோட வேண்டும், கீழ்க் கோர்ட் சொன்னதற்குத் தலையாட்டக் கூடாது என்று பதம் சிங் வழக்கில் சொல்லியிருக்கிறார்கள்.

விடுதலை ஆகுமா? சீட்டில் காயம்பட்டவர் நினைவோடு தானே சொன்னதாக இருந்து, அதை அவரிடமும் டாக்டரிடமும் கேட்டிருந்தால், நல்ல வாய்ப்பு. கேட்காமல் விட்டிருந்தால் 326-க்கு இறக்குவதைக் குறியாக வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: ஒரே ஒரு சாட்சியை நம்பித் தண்டிக்கலாமா? இரண்டு பேராவது வேண்டாமா?
(சட்டக் கல்லூரி மாணவர், திருநெல்வேலி)

பதில்: வேண்டாம் தம்பி. சாட்சியச் சட்டத்தின் 134-ஆம் பிரிவு எந்த எண்ணிக்கையும் கேட்கவில்லை. புதிய சாட்சியச் சட்டத்திலும் அதே ஏற்பாடுதான், 139-இல். இதற்கு இந்தியா முழுக்க எடுத்துக்காட்டும் தீர்ப்பு நம்ம மாநிலத்திலிருந்து போனது: 1957-இன் வடிவேலு தேவர் வழக்கு. சாட்சிகளை அதில் மூன்றாகப் பிரித்தார்கள்: முழுக்க நம்பலாம், முழுக்க நம்ப முடியாது, இரண்டுக்கும் நடுவில். முதல் இரண்டில் சிக்கல் இல்லை. ஒருவர் சொன்னாலே தண்டிக்கலாம், அல்லது ஒருவர் சொன்னதைத் தள்ளிவிடலாம். மூன்றாவது வகைக்குத்தான் வேறு ஆதாரத்தின் துணை வேண்டும். அப்பீல் வக்கீலின் பிழைப்பு முழுவதும் இந்த மூன்றாவது வகையில்தான் ஓடுகிறது: முதல் வகை என்று கீழ்க் கோர்ட் எடுத்துக்கொண்ட சாட்சியை மூன்றாவதுக்கு இறக்கிக் காட்ட வேண்டும்.

அந்தத் தீர்ப்பை மேற்கோள் காட்டுகிறவர்கள் பலர் படிக்காத இன்னொரு பகுதி அதில் உண்டு. ஒரே சாட்சி என்பதால் தூக்கைக் குறையுங்கள் என்று கேட்டார்கள். கோர்ட் மறுத்தது. குற்றம் நிரூபணம் ஆனதா என்பதற்குத்தான் சாட்சியத்தை எடைபோட வேண்டும். ஆன பிறகு தண்டனையைக் குறைக்க வேறு காரணம் வேண்டும். அரைகுறைச் சாட்சியத்துக்கு அரைத் தண்டனை என்ற சமரசம் சட்டத்தில் இல்லை. நிஜத்தில் அது நடக்கிறதா என்று கேட்டால், நான் பதில் சொல்ல மாட்டேன்.

கேள்வி: ‘ஆயிரம் குற்றவாளிகள் தப்பலாம், ஒரு நிரபராதி தண்டிக்கப்படக் கூடாது’ என்பது எந்தச் சட்டத்தில் எத்தனையாவது பிரிவு?
(ஒரு வாசகர், கரூர்)

பதில்: எந்தப் பிரிவிலும் இல்லை. 18-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்துச் சட்ட அறிஞர் பிளாக்ஸ்டன் சொன்னதிலிருந்து வந்தது. அவர் சொன்ன கணக்கு பத்துக் குற்றவாளிகள். நம் கோர்ட் வராந்தாவில் அது நூறாகி, சினிமாவில் ஆயிரமாகிவிட்டது. இதை அளவுக்கு மீறி இழுக்கக் கூடாது என்று எச்சரித்தவரும் நம் பக்கத்து ஆள்தான். கேரளத்திலிருந்து உச்ச நீதிமன்றம் போன நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர், 1973-இல் சிவாஜி சாகப்ராவ் போபடே வழக்கில், ஒவ்வொரு சின்னத் தயக்கத்தையும் சந்தேகம் என்று ஊதிப் பெரிதாக்கிக் குற்றவாளிகளை அவிழ்த்துவிட்டால் மக்களுக்குச் சட்டத்தின் மேலேயே நம்பிக்கை போய்விடும் என்று கண்டித்தார். கைதிகளுக்காக அவ்வளவு எழுதிய நீதிபதி அவர். அதனால் அந்தக் கண்டிப்பை அரசு வக்கீல்கள் விரும்பிச் சொல்வார்கள்.

கேள்வி: என் மகனை வெட்டியவர்களுக்குத் தண்டனை கிடைத்தது. இப்போது அவர்கள் அப்பீலில் இருக்கிறார்கள். ‘சந்தேகம், சந்தேகம்’ என்றே பேசுகிறார்களாம். என் மகனுக்கு இரண்டு விரல் மடங்காது. அதில் என்ன சந்தேகம்? நாங்கள் பேச இடமே இல்லையா?
(ஒரு தகப்பனார், விருதுநகர் மாவட்டம்)

பதில்: ஐயா, உங்கள் கோபம் நியாயம். மேலே அந்தச் சகோதரிக்கு எழுதியதைப் படித்துவிட்டு என் மேலும் கோபம் வந்திருக்கும். விரலில் யாருக்கும் சந்தேகம் இல்லை. வெட்டியது யார் கை என்பதில்தான் அவர்கள் சந்தேகம் கிளப்புவார்கள்.

பேச இடம் உண்டு. அரசு வக்கீலுக்கு உதவியாக நீங்கள் ஒரு வக்கீலை வைத்துக்கொள்ளலாம், எழுத்துபூர்வமாக வாதம் கொடுக்கலாம். பாதிக்கப்பட்டவருக்கு வழக்கின் ஒவ்வொரு கட்டத்திலும் தன் தரப்பைச் சொல்லும் உரிமை உண்டு என்று 2022-இல் உத்தரப் பிரதேசத்தில் விவசாயிகள் மீது வாகனம் ஏறிய லக்கிம்பூர் கேரி சம்பவத்தின் ஜாமீன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அரசு வக்கீலைப் போய்ப் பாருங்கள். கட்டுக்கட்டாகக் கேஸ் வைத்திருப்பவருக்கு உங்கள் மகன் வழக்கின் விபத்துப் பதிவேடு எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று எடுத்துக் கொடுப்பதே பெரிய உதவி. மகன் நினைவோடு, வெட்டியவர்களின் பெயரை டாக்டரிடம் சொல்லியிருந்தால் அந்த ஒரு பக்கம் உங்கள் பக்கம் நிற்கும்.

நஷ்ட ஈட்டை அப்பீல் முடியட்டும் என்று தள்ளிப்போடாதீர்கள். பாதிக்கப்பட்டோர் இழப்பீட்டுத் திட்டம் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழு மூலம் நடக்கிறது. வழக்கு விடுதலையில் முடிந்தாலும், மறுவாழ்வு தேவைப்படும் ஆளுக்கு இழப்பீடு கொடுக்க விசாரணைக் கோர்ட் பரிந்துரைக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. விரல் மடங்காததற்கு எலும்பு டாக்டரிடம் ஊனச் சான்று இப்போதே வாங்கி வையுங்கள்.

கேள்வி: வெட்டியவரும் நாங்களும் சமாதானம் ஆகிவிட்டோம். அப்பீலில் எழுதிக் கொடுத்தால் விட்டுவிடுவார்களா?
(ஒரு வாசகி, சிவகங்கை)

பதில்: விட மாட்டார்கள். 307 சமரசம் செய்துகொள்ளக் கூடிய குற்றங்களின் பட்டியலில் இல்லை. 2014-இல் நரிந்தர் சிங் வழக்கில், காயத்தின் தன்மையைப் பார்த்துச் சில 307 வழக்குகளை உயர் நீதிமன்றம் ரத்து செய்யலாம் என்றார்கள். ஆனால் தண்டனை ஆன பிறகு சமாதானத்தை மட்டும் வைத்து விடுதலை கேட்க முடியாது என்பதும் அதே தீர்ப்பில் இருக்கிறது. தண்டனைக் காலத்தைக் குறைக்கும்போது கணக்கில் எடுத்துக்கொள்வார்கள். எழுதிக் கொடுப்பவர் வெட்டுப்பட்டவராக இருக்க வேண்டும். ஊர்ப் பெரியவர்கள் கையெழுத்துப் போட்ட பத்திரத்துக்கு மதிப்பில்லை.

கேள்வி: அடிதடி, 307 கேசில் அப்பீலில் ‘சந்தேகத்தின் பலன்’ கொடுத்து விடுதலை ஆகிவிட்டேன். போலீஸ் தேர்வு எழுதப்போகிறேன். விண்ணப்பத்தில் வழக்கே இல்லை என்று போடலாமா?
(ஓர் இளைஞர், ராமநாதபுரம்)

பதில்: போடவே போடாதீர்கள். மறைத்தது தெரிந்தால் அந்த ஒரு காரணத்துக்காகவே நிராகரிப்பார்கள். அதோடு, தமிழ்நாட்டுக் காவல் பணி விதிகளில் ஒரு விளக்கம் இருக்கிறது: சந்தேகத்தின் பலனாலோ, புகார்தாரர் பிறழ்சாட்சி ஆனதாலோ விடுதலை ஆனவரை, குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருத வேண்டும். சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2008-இல் மணிகண்டன் வழக்கில் இதை ஏற்றுக்கொண்டது. ஆகவே தீர்ப்பின் கடைசிப் பத்தியை எடுத்துப் படியுங்கள். ‘குற்றம் நிரூபிக்கப்படவில்லை’ என்று மட்டும் இருக்கிறதா, ‘சந்தேகத்தின் பலனை அளித்து’ என்று இருக்கிறதா? உங்கள் பெயரே சாட்சியத்தில் வரவில்லை, பொய்யாகச் சேர்த்தார்கள் என்று நீதிபதி எங்காவது எழுதியிருந்தால் அந்தப் பத்தியைக் கோடிட்டு, தீர்ப்பின் சான்றளிக்கப்பட்ட நகலோடு விண்ணப்பத்தில் இணையுங்கள். அப்படியும் நிராகரித்தால், உத்தரவைக் கையில் வாங்கிக்கொண்டு மதுரைக் கிளையில் ரிட் மனு போட வேண்டியிருக்கும். தேர்வு அறிவிக்கையில் இதற்கான விதி எண் என்ன என்று போட்டிருப்பார்கள், அதையும் எடுத்து வையுங்கள்.